சைதாப்பேட்டையில் பாலம் கட்டிய ஆர்மீனியர்

ஜெர்மனியின் ஆக்ஸ்பர்க் நகரில் யாகோப் ஃபுக்கர் 1521-இல் ஏழைகளுக்கென்று எழுதிவைத்த குடியிருப்பில் இன்றும் மக்கள் வாழ்கிறார்கள். வருட வாடகை ஒரு யூரோகூட இல்லை. நெசவாளர் வம்சத்தில் பிறந்து, பேரரசருக்கே கடன் கொடுத்து, பிரபுப் பட்டம் பெற்ற வணிகர் அவர். சென்னையில் அவருக்கு இணையாக ஒருவரைச் சொல்வதென்றால் கோஜா பெட்ரஸ் உஸ்கானைத்தான் சொல்ல வேண்டும். அடையாற்றின் குறுக்கே சைதாப்பேட்டையில் 1726-இல் மார்மலாங் பாலத்தைத் தன் கைப்பணம் 30,000 வராகனில் கட்டி, பராமரிப்புக்குத் தனியாக 1,500 வராகனும் வைத்தவர். ஃபுக்கருக்குக் கிடைத்த பட்டம் இவருக்கு இல்லை. பின்னால் நிற்க ஒரு நாடும் இல்லை. பாரசீக மன்னர் ஷா அப்பாஸ் இஸ்பஹானுக்குக் குடிபெயர்த்த ஜுல்பா ஆர்மீனியர்களின் வழிவந்தவர் உஸ்கான். அப்படிப்பட்டவர் இந்த ஊரில் தனக்கொரு உரிமையைத் தேடிக்கொண்ட வழியாகவே அந்தப் பாலத்தை நான் பார்க்கிறேன்.

வியாபாரி பாலம் கட்டினால் சரக்குப் போக்குவரத்துக்காகத்தானே என்று கேட்கலாம். உஸ்கானின் பெரும் வணிகம் மணிலா வரை நீண்ட கடல் வணிகம். அந்தச் சரக்கு கோட்டைக் கரையில் இறங்கியது, அடையாற்றைத் தாண்ட வேண்டியதில்லை. பாலத்தால் பயன்பெற்றவர்கள் சின்னமலைக்கும் பரங்கிமலைக்கும் போன யாத்திரிகர்களும், தெற்கே நடந்த சாதாரண ஜனங்களும். பரங்கிமலைக்குப் படிக்கட்டு அமைத்தவரும் அவரே. படிக்கட்டில் லாபம் ஏது? அப்படியானால் எல்லாம் வெறும் பக்திதான் என்று சொல்லிவிடவும் முடியாது. பக்திக்குப் படிக்கட்டு போதும். ஆற்றுப் பாலத்தில் எல்லா மதத்தாரும் நடப்பார்கள். அந்தப் பாலத்துக் கல்வெட்டில் அவர் தம்மை ஆர்மீனியர் என்றே பொறித்துக்கொண்டார்.

1746-இல் பிரெஞ்சுக்காரர்கள் சென்னையைப் பிடித்தபோது, இந்த ஊரில் தேடிக்கொண்ட அந்த உரிமைக்கு அவர் விலை கொடுத்தார். புதுச்சேரிக்குக் குடிவர மறுத்ததால் சொத்துகள் பறிபோயின. டேனிஷ்காரர்களின் தரங்கம்பாடிக்குப் போய்த் தங்கினார். ஆங்கிலேயர் பக்கம் கணக்குப் போட்டு நின்றார் என்று இதையும் சொல்வதுண்டு. ஆனால் அவர்கள் 1749-இல் திரும்புவார்கள் என்று அப்போது யாராலும் உறுதி சொல்லியிருக்க முடியாது. திரும்பி வந்தவர்களோ கத்தோலிக்கர்களையும் ஆர்மீனியர்களையும் கோட்டைக்குள் குடியிருக்கக் கூடாதென்று வெளியேற்றினார்கள். உஸ்கான் கத்தோலிக்கர், ஆர்மீனியரும்கூட. ஆனாலும் அவருக்கு விலக்கு அளித்தார்கள். 1751 ஜனவரியில் அவர் இறந்தபோது உடலை வேப்பேரித் தேவாலயத்தில் அடக்கம் செய்து, இதயத்தை மட்டும் ஒரு பெட்டியில் வைத்து இஸ்பஹானின் ஜுல்பாவுக்கு அனுப்பினார்கள். பிறந்த ஊரை அவர் விட்டுவிடவில்லை. வாழ்ந்த ஊரையும் தனதாக்கிக்கொண்டார்.

பழைய பாலம் 1960-களில் போய்விட்டது. அந்த இடத்தில் இன்று இருப்பது மறைமலை அடிகள் பாலம். பழைய கல்வெட்டு பாலத்தின் ஓரத்தில், வண்டிப் புகைக்கு நடுவே நிற்கிறது. அதில் லத்தீன், ஆர்மீனியம், பாரசீகம் ஆகிய மூன்று மொழிகளில் எழுத்து இருக்கிறது. அந்த வழியே போகிறவர்கள் படிக்கும்படி பக்கத்தில் தமிழில் ஒரு பலகை வைப்பது மாநகராட்சிக்குப் பெரிய செலவல்ல.