பதினெட்டில் போட்ட மெட்டு, இருபத்தெட்டில் பாடிய பாட்டு!

காதல் பாட்டு என்றாலே, "அதெல்லாம் கல்யாணத்துக்கு முன்னால் கேட்க வேண்டியது, இப்போ நமக்கென்ன?" என்று நம்மில் பலர் ஒதுக்கிவிடுகிறோம். நானும் அப்படித்தான் இருந்தேன். அதிலும் இங்கிலீஷ் பாட்டு என்றால் கேட்கவே வேண்டாம். வெறும் கத்தல் என்று எழுந்து போய்விடுவேன். என் பெண் விடவில்லை. "அம்மா, இதை மட்டும் கேட்டுப் பாரேன்" என்று ஒரு ஆல்பத்தைப் போட்டாள். கீரை ஆய்ந்துகொண்டே கேட்க ஆரம்பித்தவள், கீரையை மறந்து உட்கார்ந்துவிட்டேன்!

'டேபஸ்ட்ரி' என்பது அந்த ஆல்பத்தின் பெயர். நூலால் சித்திரம் போலச் செய்யும் வேலைப்பாட்டைத்தான் அப்படிச் சொல்கிறார்கள். பாடியவர் கரோல் கிங் என்ற அமெரிக்கப் பெண்மணி. வெளிவந்தது 1971 பிப்ரவரி 10-ம் தேதி. பன்னிரண்டு பாட்டுகள். மெட்டுப் போட்டது, பியானோ வாசித்தது, பாடியது எல்லாம் அவரேதான்.

அட்டைப் படத்தைப் பாருங்களேன்! மினுமினுக்கும் உடை இல்லை, மேக்கப் இல்லை. தன் வீட்டு ஜன்னலோரம், ஜீன்ஸ் போட்டுக்கொண்டு, வெறுங்காலோடு உட்கார்ந்திருக்கிறார். கையில் தானே போட்ட ஊசி வேலை. முன்னால் வீட்டுப் பூனை! சமையலை முடித்துவிட்டு சற்றே உட்கார்ந்த பக்கத்து வீட்டுப் பெண் மாதிரி இருக்கிறார்.

ஆனால் இவர் புதிதாகக் கிளம்பியவர் அல்ல. நியூயார்க்கில் வளர்ந்தவர். 1959-ல், பதினேழு வயதிலேயே ஜெர்ரி காஃபின் என்பவரைக் கல்யாணம் செய்துகொண்டார். இவர் மெட்டுப் போடுவார், கணவர் வார்த்தை எழுதுவார். மறு வருஷமே பெண் குழந்தை பிறந்தது. 1960-ல் ஒரு நாள், ஒரு மெட்டை டேப்பில் பதிந்து வைத்துவிட்டு, சீட்டு விளையாட்டு மாதிரி மாஜாங் என்றொரு ஆட்டம் உண்டே, அதை ஆடக் கிளம்பிவிட்டார். வீடு திரும்பிய கணவர் அதைக் கேட்டு வார்த்தை எழுதினார். அதுதான் 'வில் யூ லவ் மீ டுமாரோ'. இன்று ஆசையாக இருக்கிறாயே, நாளைக்கும் இருப்பாயா என்று ஒரு பெண் கேட்கும் கேள்வி. ஷிரெல்ஸ் என்ற கறுப்பினப் பெண்கள் குழு அதைப் பாடி, 1961 ஜனவரியில் அமெரிக்காவில் முதலிடத்துக்குக் கொண்டுபோனது.

அதன் பிறகு வருஷக்கணக்காக மெட்டு இவருடையது, குரல் மற்றவர்களுடையது. இதற்கிடையே இரண்டாவது பெண்ணும் பிறந்தாள். 1968-ல் அந்தத் திருமண வாழ்க்கை முறிந்தது. இரண்டு பெண்களையும் கூட்டிக்கொண்டு கலிபோர்னியாவுக்குப் போனார். மேடை ஏறிப் பாடுவதென்றால் அவருக்கு நடுக்கம். பாடகர் ஜேம்ஸ் டெய்லர் போன்ற நண்பர்கள்தான் தைரியம் சொன்னார்கள். 1971 ஜனவரியில், ஹாலிவுட் ஸ்டூடியோவில், லூ ஆட்லர் தயாரிப்பில் இந்த ஆல்பம் பதிவாயிற்று. பேஸ் கிடார் வாசித்தவர் இரண்டாவது கணவர் சார்லஸ் லார்க்கி.

விஷயத்துக்கு வருகிறேன். பதினெட்டு வயதில் மெட்டுப் போட்ட அந்தப் பாட்டை, இருபத்தெட்டு வயதில் இந்த ஆல்பத்தில் அவரே பாடியிருக்கிறார். ஷிரெல்ஸ் பாடியதில் வயலினும் தாளமுமாக ஒரு துள்ளல் இருக்கும். இவர் பாடுவதோ மெல்ல, நிறுத்தி நிறுத்தி. பின்னால் ஜேம்ஸ் டெய்லரும் ஜோனி மிட்செலும் தாழ்ந்த குரலில் சேர்ந்துகொள்கிறார்கள். வார்த்தை மாறவில்லை. ஆனால் அன்று சின்னப் பெண் ஆவலோடு கேட்ட கேள்வியை, இன்று இரண்டு குழந்தைகளின் தாய் கேட்கிறாள். அந்த வார்த்தைகளை எழுதியவரோ பிரிந்துபோன அதே கணவர்! அந்த 'நாளை' வந்து, போயும் விட்டது. பதில் தெரிந்த பிறகும் அதே கேள்வியைக் கசப்பில்லாமல் கேட்க முடிகிறதே, அங்கேதான் எனக்குத் தொண்டை அடைத்தது.

'இட்ஸ் டூ லேட்' என்று இன்னொரு பாட்டு. வார்த்தை எழுதியது டோனி ஸ்டெர்ன் என்ற பெண். சண்டை இல்லை, சாபம் இல்லை. நமக்குள் இருந்தது தீர்ந்துவிட்டது என்று ஒரு பெண்ணே நிதானமாகச் சொல்கிறாள். காதல் பாட்டில் பெண் என்றால் ஏங்க வேண்டும், இல்லை அழ வேண்டும் என்றல்லவா நினைத்திருந்தேன்?

குரல் ஒன்றும் தேன் அல்ல. சில இடத்தில் கரகரக்கிறது. அதை அவர் மறைக்கவும் இல்லை. இருந்தும் ஆல்பம் தொடர்ந்து 15 வாரம் அமெரிக்காவில் முதலிடத்தில் இருந்தது. 1972-ல் நான்கு கிராமி விருதுகள். வாங்கிக்கொள்ள அவர் போகவில்லை. காரணம், 1971 டிசம்பர் கடைசியில் பிறந்த கைக்குழந்தை! வீட்டில் இருந்துவிட்டார்.

"என் குரல் நன்றாயிருக்காது" என்று தாலாட்டோடு பாட்டை நிறுத்திவிட்டவர்கள் நம்மில் எத்தனை பேர்! சகோதரிகளே, ஒரு மத்தியானம் அரை மணி ஒதுக்குங்கள். முதலில் ஷிரெல்ஸ் பாடியதைக் கேளுங்கள். உடனே கரோல் கிங் பாடியதையும் கேளுங்கள். பள்ளிக்கூட இங்கிலீஷே போதும், எனக்கே புரிந்தது. இரண்டுக்கும் நடுவே ஓடிய பத்து வருஷம் உங்கள் காதில் விழும்.