கொம்பு முளைத்த வீரன்

சென்ற வாரம் புதுவாயல் கடைத்தெருவில் ஒரு சிறுவனின் சட்டையில் வைகிங் வீரனைக் கண்டேன். தாடி, கோடரி, தலைக்கவசத்தில் இரு கொம்புகள்! ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் வைகிங்குகள் வடகடல்களைக் கலக்கியது மெய். கொம்பு மட்டும் மெய்யன்று. 1876-ல் ஜெர்மனியில் வாக்னரின் இசை நாடகத்திற்கு உடை வகுத்த டோப்ளர் என்னும் ஓவியர் அதைப் பிரசித்தமாக்கினார். 1943-ல் நார்வேப் புதைமேடு ஒன்றில் அகப்பட்ட அசல் கவசத்தில் கொம்பே கிடையாது.

வைகிங்குகளின் காலத்திலேயே, 1025-ல், ராஜேந்திர சோழனின் மரக்கலங்கள் கடாரம் சென்றன. தஞ்சைப் பெரிய கோவில் கல்வெட்டு வென்ற ஊர்களை அடுக்குகிறது. சென்ற வீரன் தலையில் என்ன தரித்தான் என்று சொல்லவில்லை. அந்தக் குறையை நம் சினிமாத் தையற்காரர்கள் தாராளமாகத் தீர்த்து வைக்கிறார்கள்!

"கடாரம் தெரியுமா, தம்பி?" என்று சிறுவனைக் கேட்டேன்.

"அது எந்தப் படத்துல வருது, தாத்தா?" என்றான்.