வெள்ளிக்கிழமையில் பிறக்காத மாதங்கள்

கற்பனை உலகம் ஒன்றைப் படைக்கப் புறப்படும் எழுத்தாளர்கள் பலர் அதன் நாட்காட்டியை வானத்திலிருந்து தொடங்குகிறார்கள். இரண்டு நிலா, பதின்மூன்று மாதம், ஒன்பது நாள் வாரம், ஒவ்வொன்றுக்கும் வாயில் நுழையாத ஒரு பெயர். பக்கம் நிறைகிறது, அங்கே மனிதர்கள் வாழ்கிறார்கள் என்ற நம்பிக்கை மட்டும் வருவதில்லை. சந்தை எந்தக் கிழமை, கடன் எப்போது தீர வேண்டும், விழா என்றைக்கு என்று ஓர் ஊர் தனக்குள் பேசி முடித்த ஏற்பாடுதான் நாட்காட்டி. பழைய கணக்கில் யாருக்கு என்ன தொல்லை இருந்தது, அதை எப்படிச் சரிக்கட்டினார்கள் என்பது தெரியும்போதுதான் கற்பனை நாட்காட்டிக்கு உயிர் வருகிறது என்பது என் வாதம். இதற்கு நான் காட்டும் சான்று ஜே.ஆர்.ஆர். டோல்கீனுடையது. ‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ நாவலின் மூன்றாம் பாகம் 1955இல் வெளிவந்தபோது, அதன் பின்னிணைப்பில் ஹாபிட்டுகள் என்னும் குள்ள மனிதர்கள் வாழும் ஷயர் நாட்டின் நாட்காட்டியை அவர் முழுதாகக் கொடுத்தார்.

ஷயரில் எல்லா மாதத்துக்கும் 30 நாள். பன்னிரண்டு மாதம் போக மிஞ்சும் ஐந்து நாட்கள் எந்த மாதத்திலும் சேராத விடுமுறைகள்: ஆண்டின் முடிவிலும் தொடக்கத்திலும் ஒவ்வொன்று, கோடையின் நடுவில் மூன்று. இதுவரை புதுமை ஒன்றுமில்லை; பழைய எகிப்தியர் கணக்கும் முப்பது முப்பதாகப் பன்னிரண்டும் கூட ஐந்தும்தான். ஹாபிட்டுகளின் தொல்லை வேறு. 365ஐ ஏழால் வகுத்தால் 52 வாரம் போக ஒரு நாள் மிஞ்சும். அந்த ஒரு நாளால்தான் நம் பிறந்தநாளும் ஆண்டுக்கு ஆண்டு கிழமை மாறுகிறது. ஒழுங்கை விரும்பும் ஹாபிட்டுகளுக்கு இது பிடிக்கவில்லை. ஆண்டின் நட்டநடு நாளுக்குக் கிழமையே கிடையாது என்று முடிவுசெய்தார்கள். நான்காண்டுக்கு ஒருமுறை வரும் கூடுதல் நாளுக்கும் அப்படியே. மீதி 364 நாள், சரியாக 52 வாரம். அதன்பின் எல்லா ஆண்டும் சனிக்கிழமை பிறந்து வெள்ளிக்கிழமை முடிந்தன. எந்தத் தேதிக்கு எந்தக் கிழமை என்பது மாறவே மாறாது என்பதால் கடிதத்திலும் நாட்குறிப்பிலும் கிழமை எழுதுவதையே விட்டுவிட்டார்கள். உள்ளூரில் அது வசதி, தொலைவாகப் பயணம் போனால் அவ்வளவு வசதியில்லை என்கிறார் டோல்கீன்.

கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஆண்டின் முதல் நாளான சனி விடுமுறையாகப் போய்விடுவதால் முதல் மாதம் ஞாயிற்றுக்கிழமை பிறக்கும். 30 நாளில் கிழமை இரண்டு நகரும் என்பதால் அடுத்தவை செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன். ஏழாவது மாதம் வெள்ளியில் பிறந்திருக்க வேண்டும். இடையில் புகும் நடுக்கோடை விடுமுறைகளில் கிழமையுள்ள இரண்டும் அதை ஞாயிற்றுக்குத் தள்ளிவிடுகின்றன. அதே வரிசை மறுபடி ஓடுகிறது. ஆக, எந்த மாதமும் வெள்ளியில் பிறக்காது. நடக்கவே முடியாத ஒன்றைச் சொல்ல ஹாபிட்டுகள் ‘முதல் தேதி வெள்ளிக்கிழமை’ என்பார்களாம். கணிதத்தின் ஓர் ஓரத்தில் ஒதுங்கிக் கிடந்த விளைவு ஊர்ப் பேச்சில் கேலியாக முளைத்திருக்கிறது. ஒரு நாட்காட்டியைத் தலைமுறைகள் புழங்கியதற்கு இதைவிட நல்ல அடையாளம் வேண்டுமா?

பின்னிணைப்பை யார் படிக்கப்போகிறார்கள் என்று கேட்கலாம். பெரும்பாலோர் படிப்பதில்லைதான். ஆனால் உழைப்பு கதைக்குள் இறங்கியிருக்கிறது. முதல் அத்தியாயத்தில் பில்போ என்னும் ஹாபிட்டின் பிறந்தநாள் விருந்து நடக்கும் செப்டம்பர் 22 வியாழக்கிழமை என்று வருகிறது. மேலே போட்ட கணக்கைத் தொடர்ந்தால் அதே வியாழன் கிடைக்கும். 1944இல் மகன் கிறிஸ்டோபருக்கு எழுதிய கடிதம் ஒன்றில், தன் கதையில் நிலா ஓரிடத்தில் உதிக்கும் நேரத்திலேயே இன்னோரிடத்தில் மறைவதைக் கண்டுபிடித்து, முந்தைய அத்தியாயங்களைத் திருத்த வேண்டியிருந்ததாக டோல்கீன் சொல்கிறார். பிரிந்துபோன பாத்திரங்கள் ஒரே இரவில் ஒரே நிலவைப் பார்க்க வேண்டும் என்ற அக்கறை அது. இன்னொரு கற்பனை உலகைப் படைத்த ஜார்ஜ் ஆர்.ஆர். மார்ட்டின் இப்படியெல்லாம் கணக்குக் காட்டவில்லையே என்றால், உண்மை. அவர் உலகில் குளிர்காலம் ஆண்டுக்கணக்கில் நீளும், காரணம் சொல்லப்படவில்லை. ஆனாலும் பருவம் மாறியதை அறிவிக்க வெள்ளைக் காக்கைகளை அனுப்பும் அறிஞர் சபை ஒன்றை அவர் வைத்திருக்கிறார். காலத்தைச் சொல்லும் அதிகாரம் யார் கையில் என்பது அங்கேயும் தெளிவு.

இன்னும் வலுவான மறுப்பு ஒன்று உண்டு. இதே போன்ற திருத்தங்களை நிஜ உலகம் ஏற்க மறுத்தது. 1793இல் புரட்சி பிரான்ஸ் முப்பது நாள் மாதங்களோடு பத்து நாள் வாரத்தையும் கொண்டுவந்தது. 1806 பிறந்தபோது நெப்போலியன் அதைக் கைவிட்டிருந்தார். கிழமையில்லாத நாளைக் கொண்ட ‘உலக நாட்காட்டி’க்காக அமெரிக்கரான எலிசபெத் அகெலிஸ் 1930 முதல் பாடுபட்டார். 1950களில் இந்தியாவே அதை ஐ.நா. மன்றத்துக்குக் கொண்டுபோனது. ஏழு நாள் சுழற்சி அறுந்தால் சனி, ஞாயிறு வழிபாடு குலையும் என்று சமயத்தார் எதிர்த்தனர், 1955இல் அமெரிக்கா மறுத்துவிட்டது, முயற்சி படுத்தது. அப்படியிருக்க ஹாபிட்டுகள் மட்டும் எப்படி ஒப்பினார்கள்? ஷயரில் கோயில் இல்லை, குருமார் இல்லை, கிழமை தவறினால் பாவம் என்னும் எண்ணமும் இல்லை. எதிர்ப்புக்கு அங்கே வேர் இல்லை. அதே நாட்காட்டியைக் கோயில் நிறைந்த ஒரு கற்பனை நாட்டுக்குக் கொடுத்திருந்தால் அது பொய்யாகத்தான் தெரிந்திருக்கும்.

ஹாபிட்டுகள் எல்லாவற்றையும் ஒப்பியவர்களும் அல்லர். நாவலின் தீய அரசன் வீழ்ந்த மார்ச் 25ஐ கோண்டோர் என்னும் மனிதர் அரசு புத்தாண்டாக ஆக்கியது. 1752 வரை இங்கிலாந்தின் சட்டப்படியான ஆண்டும் அதே தேதியில்தான் பிறந்தது. டோல்கீன் அதை அறியாமல் தேர்ந்திருக்க வழியில்லை. ஷயர் மட்டும் பழையபடியே ஆண்டைத் தொடங்கியது. ஆனால் ஹாபிட்டன் குன்றைச் சுற்றியுள்ள ஊர்களில் ஏப்ரல் 6 அன்று மைதானத்தில் கூடி ஆடும் வழக்கம் புதிதாக வந்தது. தோட்டக்காரர் சாமின் பிறந்தநாள் என்றார்கள் சிலர். பொன்மரம் முதன்முதலில் பூத்த நாள் என்றார்கள் சிலர். எல்ஃபுகள் என்னும் இன்னோர் இனத்தாரின் புத்தாண்டு என்றார்கள் வேறு சிலர். மூன்றில் எது சரி என்று டோல்கீன் தீர்த்துவைக்கவில்லை.