கண்ணிமை பேசும் மொழி

பேச்சற்றவரை அறிவற்றவர் எனக் கொள்ளுதல் பெரும்பிழையாகும். இதனை மெய்ப்பிக்கும் நோய் ஒன்று உண்டு. நாவும் கைகால்களும் அசையா. அறிவோ குன்றாது விழித்திருக்கும். 1966ஆம் ஆண்டில் பிளம், போஸ்னர் என்னும் அமெரிக்க மருத்துவர் இருவர் இதற்குப் ‘பூட்டுண்ட நிலை’ எனப் பொருள்படப் பெயரிட்டனர்.

இதன் காரணம் யாது? மூளையையும் தண்டுவடத்தையும் இணைப்பது மூளைத்தண்டு. அதன் நடுப்பகுதியின் பெயர் ‘பான்ஸ்’. இலத்தீன் மொழியில் இதற்குப் பாலம் என்பது பொருள். உடலை அசைக்கும் கட்டளைகள் இப்பாலத்தின் முன்புறமாக இறங்குகின்றன. அங்குச் செல்லும் குருதிக்குழாய் அடைபடின் அவ்வழி கெடும். விழிப்புணர்வுக்குரிய நரம்புகள் பின்புறம் இருத்தலின் தப்புகின்றன. கண்களை மேலும் கீழும் அசைக்கும் நரம்பு மையம் பாலத்துக்கு மேலே உள்ளது. ஆதலின் அவ்வசைவும் பெரும்பாலும் எஞ்சுகிறது.

பிரெஞ்சு இதழாசிரியர் ழான் டொமினிக் போபி 1995 டிசம்பரில் இந்நிலைக்கு ஆளானார். பிரெஞ்சு மொழியில் மிகுதியாக வழங்கும் எழுத்து முதலாக வரிசைப்படுத்திய நெடுங்கணக்கை ஒருவர் படித்துவர, வேண்டிய எழுத்து வந்ததும் அவர் இடக்கண்ணை இமைப்பார். இவ்வாறு எழுத்தெழுத்தாக அவர் உரைத்த நூல் 1997 மார்ச்சில் வெளிவந்தது. சில நாட்களில் அவர் மறைந்தார்.

இந்நோயாளரை நினைவிழந்தவர் என மயங்கி, அவர் செவிபட எதனையும் பேசிவிடுவோர் உளர். அவர் அனைத்தையும் கேட்கிறார். மறுமொழி கூறத்தான் வழியில்லை. ஆதலின் படுக்கையருகே நிற்போர் முதலிற் செய்யத்தக்கது, “மேலே பாருங்கள்” எனச் சொல்லி, அவர் கண்களைக் கூர்ந்து நோக்குதலேயாம்.