மரி-ஆன்: ஒரு பெண்ணுக்கு ஏன் ரெண்டு பெயர்? பிரான்ஸின் இரட்டைப் பெயருக்குப் பின்னால் இருக்கும் கதை

2024 பாரிஸ் ஒலிம்பிக்ஸ் லோகோ ஞாபகம் இருக்கா? தங்க நிற வட்டம், நடுவில் ஒரு தீச்சுடர். கொஞ்சம் உற்றுப் பார்த்தால் அந்தச் சுடரே ஒரு பெண்ணின் தலைமுடியாகவும், அதற்குக் கீழே உதடுகளும் தெரியும். 'யார் இந்தப் பொண்ணு?' என்று அப்போது பலரும் கேட்டார்கள்.

அவர் பெயர் மரியான். பிரெஞ்சுக் குடியரசின் அடையாளம். உண்மையில் வாழ்ந்த ஒருவர் இல்லை. ஒரு நாடு தனக்குத்தானே வைத்துக்கொண்ட முகம். ஆனால் அந்தப் பெயர் பிரான்ஸில் லட்சக்கணக்கான சாதாரணப் பெண்களின் பெயரிலிருந்து வந்தது. அதுதான் 'மரி-ஆன்' என்ற இரட்டைப் பெயர்.

ஒரே பெண்ணுக்கு ஏன் ரெண்டு பெயர்? நடுவில் இருக்கும் அந்தச் சின்னக் கோட்டுக்கு என்ன வேலை? அதை விட்டுவிட்டால் என்ன ஆகும்? விரிவாகப் பார்ப்போம்.

மரி-ஆன் என்றால் என்ன அர்த்தம்?

'மரி', 'ஆன்' ரெண்டுமே பிரெஞ்சில் பிறந்த பெயர்கள் இல்லை. ரெண்டுக்கும் வேர் எபிரேய மொழியில் இருக்கிறது.

முதலில் 'ஆன்'. இது எபிரேயத்தில் 'ஹன்னா'. அருள், கருணை என்று பொருள். தமிழ் பைபிளில் சாமுவேலின் தாயாக வரும் 'அன்னாள்' இதே பெயர்தான். இந்தப் பெயருக்கான பொருளில் பெரிய சர்ச்சை எதுவும் இல்லை.

'மரி' கதை வேறு. இது எபிரேயத்தில் 'மிரியாம்'. மோசேயின் சகோதரி பெயர் அதுதான். அதுவே கிரேக்கம், லத்தீன் வழியாக 'மரியா' ஆனது. பிரெஞ்சில் 'மரி' ஆனது. ஆங்கிலத்தில் 'மேரி' ஆனது. அரபியில் 'மர்யம்' என்று வழங்குகிறது. ஆனால் பொருள் என்னவென்று கேட்டால் அறிஞர்கள் ஆளுக்கொரு பதில் சொல்கிறார்கள். 'கசப்பு' என்கிறார்கள் சிலர். 'விரும்பிப் பெற்ற குழந்தை' என்கிறார்கள் சிலர். பழைய எகிப்திய மொழியில் 'அன்புக்குரியவள்' என்ற சொல்லோடு தொடர்புபடுத்துபவர்களும் உண்டு.

'கடலின் விண்மீன்' என்று ஒரு பொருளும் பிரபலம். இது எழுத்துப் பிழையால் வந்தது என்று சொல்லப்படுவதுதான் சுவாரஸ்யம். லத்தீனில் 'ஸ்டில்லா மாரிஸ்' என்றால் கடலின் துளி. கையால் பிரதி எடுக்கும்போது ஓர் எழுத்து மாறி 'ஸ்டெல்லா மாரிஸ்' ஆகிவிட்டது. துளி விண்மீன் ஆகிவிட்டது! சென்னையில் இருப்பவர்களுக்கு இந்தப் பெயர் ஏற்கெனவே பழக்கம்தான்.

இன்னொரு விஷயம். தமிழில் மழையைக் குறிக்கும் 'மாரி'க்கும் இந்த 'மரி'க்கும் மொழியியல் தொடர்பு கிடையாது. ஒலி ஒன்றுபோல இருக்கிறது, அவ்வளவுதான்.

மகள் பெயரும் தாய் பெயரும் ஒன்றாக ஏன்?

கிறிஸ்தவ மரபில் மரியா இயேசுவின் தாய். அந்த மரியாவின் தாய்தான் அன்னா. ஆக, மரி-ஆன் என்பது ஒரு மகளின் பெயரையும் அவர் அம்மாவின் பெயரையும் சேர்த்துக் கட்டிய பெயர். அதையே திருப்பிப் போட்டால் 'ஆன்-மரி'. அதுவும் பிரான்ஸில் சகஜமான பெயர்தான்.

ஆச்சரியம் என்னவென்றால், மரியாவின் தாய் பெயர் பைபிளில் எங்குமே வராது. 2ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த, பைபிளில் சேர்க்கப்படாத ஒரு நூலில்தான் 'அன்னா' என்ற பெயர் வருகிறது. ஆனாலும் மக்களின் பக்தி அதற்காகக் காத்திருக்கவில்லை. தமிழ்க் கத்தோலிக்கர்கள் 'புனித அன்னம்மாள்' என்று வணங்குவதும் இவரைத்தான். திருநாள், ஜூலை 26.

பிரான்ஸில் அன்னம்மாள் பக்தியின் மையம், வடமேற்கில் இருக்கும் பிரித்தானி பகுதி. அங்கே ஓரே என்ற ஊருக்கு அருகில் 1625ல் நிக்கோலசிக் என்ற விவசாயி, வயலில் அன்னம்மாள் சிலையைக் கண்டெடுத்தார். அந்த இடம் இன்றும் பெரிய யாத்திரைத் தலம். அன்னம்மாள்தான் பிரித்தானியின் பாதுகாவலர். அட்லாண்டிக் தாண்டிக் குடியேறிய பிரெஞ்சுக்காரர்கள் இந்தப் பக்தியைக் கனடாவின் கியூபெக்குக்கும் கொண்டுபோனார்கள்.

ரெண்டு பெயர் வைக்கும் பழக்கம் எப்படி வந்தது?

காரணம் ரொம்ப எளிது. ஒரே ஊரில் ஏகப்பட்ட மரிகள்!

குழந்தைக்குப் புனிதர் பெயர்தான் வைக்கணும் என்பது வழக்கம். அதிலும் பெண் குழந்தை என்றால் மரிக்குத்தான் முதல் இடம். ஞானத்தாயின் பெயரையே குழந்தைக்கு வைப்பதும் வழக்கம். ஆக, திரும்பத் திரும்ப அதே சில பெயர்கள்தான். கியூபெக்கில் கத்தோலிக்கக் குடும்பங்கள் கிட்டத்தட்ட எல்லாப் பெண் குழந்தைக்கும் முதலில் 'மரி' என்று எழுதி, அப்புறம்தான் கூப்பிடும் பெயரை எழுதுவார்கள். ஆண் குழந்தைகளுக்கு அதேபோல 'ஜோசஃப்'.

அப்போ ஒரு மரியை இன்னொரு மரியிலிருந்து எப்படிப் பிரிப்பது? ரெண்டாவது பெயர் ஒன்று சேர்க்க வேண்டியதுதான். மரி-லூயிஸ், மரி-தெரேஸ், மரி-கிளேர், மரி-ஃபிரான்ஸ் எல்லாமே இந்த வரிசைதான். வரலாற்றில் பிரபலமான மரி-அந்துவானெத்தும் இதில் சேர்த்திதான். 1755ல் வியன்னாவில் பிறந்தபோது அவர் மரியா அந்தோனியா. பிரெஞ்சு இளவரசருக்கு மணமானபோது பெயரும் பிரெஞ்சாக மாறியது.

ஆண்களுக்கும் 'மரி' உண்டு. ஜான்-மரி என்றால் ஆண். ஆன்-மரி என்றால் பெண். முதலில் நிற்கும் பெயர்தான் பொதுவாக அதைத் தீர்மானிக்கிறது. எழுத்தாளர் வோல்தேரின் இயற்பெயர்கூட பிரான்சுவா-மரி அரூவே.

மரி-ஆன் எப்படி ஒரு நாட்டின் பெயரானது?

1789ல் பிரெஞ்சுப் புரட்சி. 1792 செப்டம்பரில் மன்னராட்சி ஒழிக்கப்பட்டது. அதுவரை அரசு முத்திரையில் மன்னர் உருவம் இருந்தது. இனி யார் உருவம்? சுதந்திரத்தைக் குறிக்கும் ஒரு பெண் உருவம் என்று முடிவானது. ஆனால் அந்தப் பெண்ணுக்குப் பெயர் இல்லை.

அதே ஆண்டு தெற்குப் பிரான்ஸில் ஒக்சித்தான் மொழியில் பாடப்பட்ட ஒரு பாட்டில் குடியரசை 'மரியான்' என்று அழைத்தார்கள். ஏன் அந்தப் பெயர்? அதிகம் சொல்லப்படும் விளக்கம் இதுதான்: அது அரண்மனைப் பெயர் கிடையாது. வயலிலும் சமையலறையிலும் வேலை பார்த்த சாதாரணப் பெண்களின் பெயர். குடியரசை ஆதரித்தவர்கள் அன்போடு சொன்னார்கள். எதிர்த்தவர்கள் அதே பெயரை ஏளனமாகச் சொன்னார்கள். ஏளனம் போய்விட்டது, பெயர் நின்றுவிட்டது.

இன்று பிரான்ஸில் பெரும்பாலான நகராட்சி அலுவலகங்களில் மரியான் மார்பளவுச் சிலை இருக்கும். அது இருந்தே தீரவேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை, வழக்கம்தான். நடிகைகள் பிரிஜித் பார்தோ, கத்தரீன் தெனவ், லெத்தீசியா காஸ்தா ஆகியோரின் முகத்தை மாதிரியாக வைத்தும் மரியான் சிலைகள் வந்திருக்கின்றன. தபால்தலையிலும் மரியான், அரசின் லோகோவிலும் மரியான்.

நிஜ மரி-ஆன்கள் யார்?

இந்தச் சின்னத்துக்குப் பின்னால் அதே காலத்தில் வாழ்ந்த ரத்தமும் சதையுமான மரி-ஆன்கள் உண்டு.

ஒருவர், மரி-ஆன் போல்ஸ். நவீன வேதியியலின் தந்தை என்று பள்ளியில் படிக்கிறோமே, லவாய்சியர், அவருடைய மனைவி. 13 வயதில் திருமணம். ஆங்கிலம் கற்று, அறிவியல் நூல்களைக் கணவருக்காக பிரெஞ்சில் மொழிபெயர்த்தார். 1789ல் வெளியான லவாய்சியரின் புகழ்பெற்ற நூலில் இருக்கும் கருவிகளின் படங்களை வரைந்தது அவர்தான். 1794 மே 8 அன்று அவர் கணவரும் அப்பாவும் ஒரே நாளில் கில்லட்டினில் கொல்லப்பட்டார்கள். கணவரின் ஆய்வுக் குறிப்புகளை அதன் பிறகு அச்சுக்குக் கொண்டுவந்ததும் அவரே.

இன்னொருவர், புரட்சித் தலைவர் மராவை 1793 ஜூலை 13 அன்று குத்திக் கொன்ற சார்லட் கோர்தே. அவருடைய முழுப்பெயர் மரி-ஆன் சார்லட். வரலாறு அவரை மூன்றாவதாக இருந்த பெயரால்தான் நினைவில் வைத்திருக்கிறது.

குடியரசுக்கு மரியான் என்று பெயர் வந்த அதே சில ஆண்டுகளில், அந்தக் குடியரசின் கையால் கணவரை இழந்தவரும் ஒரு மரி-ஆன். அது தலைகொடுத்துக் கொன்றவரும் ஒரு மரி-ஆன்.

நடுவில் இருக்கும் கோடு ஏன் முக்கியம்?

பிரெஞ்சுப் பிறப்புப் பதிவேட்டில் 'மரி, ஆன்' என்று கமா போட்டு எழுதினால் ரெண்டு தனிப் பெயர்கள். 'மரி-ஆன்' என்று ஹைஃபன் போட்டால் ஒரே பெயர்.

இது சும்மா இலக்கண விஷயம் இல்லை. பிரெஞ்சு சிவில் சட்டத்தின் 57ஆவது பிரிவுப்படி, பிறப்புப் பதிவில் இருக்கும் எந்தப் பெயரையும் ஒருவர் தன் அன்றாடப் பெயராகத் தேர்ந்தெடுக்கலாம். கமா இருந்தால் மரி என்றோ ஆன் என்றோ எடுத்துக்கொள்ளலாம். ஹைஃபன் இருந்தால் அது உடையாத ஒற்றைப் பெயர். இனிஷியல் போடும்போதுகூட பிரெஞ்சில் நடுவில் கோடு வரும்: 'எம்.-ஏ.' என்று.

சிக்கல் ஆரம்பிப்பது எல்லை தாண்டும்போதுதான். பாஸ்போர்ட்டின் கீழ்ப்பகுதியில் இயந்திரம் படிக்கும் ரெண்டு வரிகள் இருக்குமே, அதில் ஹைஃபனுக்கு இடமில்லை. சர்வதேச விதிப்படி அங்கே கோட்டுக்குப் பதில் ஓர் அம்புக்குறி வரும். விமான டிக்கெட்டில் ரெண்டும் ஒட்டிக்கொண்டு 'மரிஆன்' ஆகலாம். முதல் பெயர், நடுப்பெயர் என்று கேட்கும் விண்ணப்பங்களில் 'ஆன்' நடுப்பெயர்க் கட்டத்துக்குப் போய், அப்புறம் காணாமலே போய்விடலாம். ஒரே ஆளுக்கு மூன்று ஆவணத்தில் மூன்று பெயர்.

அப்பா பெயரை இனிஷியலாக வைத்திருக்கும் நம்ம ஊர்க்காரர்களுக்கு இந்த அவஸ்தை புதுசு இல்லை. விண்ணப்பத்தில் 'குடும்பப் பெயர்' கட்டத்துக்கு முன்னால் யோசித்து நின்றவர்கள்தானே நாம்!

பெயர் வைக்கும் உரிமை யாரிடம் இருந்தது?

பிரான்ஸில் ரொம்ப காலம் அது பெற்றோரிடம் மட்டும் இருக்கவில்லை. நெப்போலியன் அதிகாரத்தில் இருந்தபோது, 1803 ஏப்ரல் 1 அன்று ஒரு சட்டம் வந்தது. நாட்காட்டியில் இருக்கும் பெயர்கள், பண்டைய வரலாற்று மனிதர்களின் பெயர்கள், இவை மட்டும்தான் வைக்கலாம். மற்றதைப் பதிவு அதிகாரி மறுத்துவிடலாம். கைவசம் இருக்கும் பெயர்கள் குறைவு என்றால் ரெண்டைச் சேர்ப்பதுதானே வழி? இரட்டைப் பெயர்கள் நிலைத்து நிற்க இதுவும் உதவியது.

1966ல் விதிகள் தளர்ந்தன. 1993 ஜனவரியில் வந்த சட்டம் பெற்றோருக்குச் சுதந்திரம் கொடுத்தது. இப்போதும் குழந்தையின் நலனுக்கு எதிரான பெயர் என்றால் நீதிமன்றம் தலையிடலாம். 'நுட்டெல்லா' என்று குழந்தைக்குப் பெயர் வைத்த ஒரு தம்பதியின் விருப்பத்தை நீதிபதி ஏற்காமல், 'எல்லா' என்று மாற்றிய செய்தி 2015ல் உலகம் முழுக்கப் பேசப்பட்டது. 2016 நவம்பர் சட்டத்துக்குப் பிறகு, தகுந்த காரணம் இருந்தால் நகராட்சி அலுவலகத்திலேயே பெயரை மாற்றிக்கொள்ளலாம்.

புதுச்சேரிக்கும் இதற்கும் என்ன தொடர்பு?

பிரெஞ்சுப் பெயர் முறை தமிழ் மண்ணையும் தொட்டிருக்கிறது. 1881 செப்டம்பர் 21 ஆணைப்படி, பிரெஞ்சு இந்தியாவில் இருந்தவர்கள் தங்கள் மரபுவழிச் சட்டத்தைக் கைவிட்டு பிரெஞ்சு சிவில் சட்டத்துக்கு மாறலாம். அப்படி மாறியவர்களை 'ரெனோன்சான்' என்றார்கள். மாறும்போது ஒரு குடும்பப் பெயரைத் தேர்ந்தெடுத்துப் பதிவு செய்யணும். அதற்கு முன் குடும்பப் பெயரே இல்லாத தமிழ்க் குடும்பங்கள் பிரெஞ்சுப் பெயர்களை எடுத்துக்கொண்டது இப்படித்தான்.

1962 ஆகஸ்ட் 16 அன்று புதுச்சேரி சட்டப்படி இந்தியாவுடன் இணைந்தபோது, பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்தெடுத்தவர்களின் குடும்பங்கள் இன்றும் புதுச்சேரியிலும் காரைக்காலிலும் பிரான்ஸிலும் இருக்கின்றன. அவர்களுக்கு பிறப்புச் சான்றிதழில் ஒரு கோடு, ஓர் எழுத்து என்பது சின்ன விஷயமே இல்லை.

இப்போதும் மரி-ஆன் என்று வைக்கிறார்களா?

20ஆம் நூற்றாண்டில் பிரான்ஸில் பெண் குழந்தைகளுக்கு அதிகம் வைக்கப்பட்ட பெயர் 'மரி'. மரி-ஃபிரான்ஸ், மரி-கிறிஸ்தீன், ஜான்-பியேர் போன்ற கோடு போட்ட பெயர்கள் இரண்டாம் உலகப்போரை ஒட்டிய காலத்தில் கொடிகட்டிப் பறந்தன. இன்று அந்தப் பெயர்களைக் கேட்டாலே பிரெஞ்சுக்காரர்களுக்கு ஒரு பாட்டியோ தாத்தாவோதான் கண்முன் வருவார்கள். இளம் பெற்றோர் லூயிஸ், ஜேட், எம்மா என்று சின்னப் பெயர்களைத் தேடுகிறார்கள்.

வகுப்பறைகளில் மரி-ஆன் குறைந்துவிட்டார். ஆனால் தபால்தலையிலும் நகராட்சி வாசலிலும் ஒலிம்பிக்ஸ் சுடரிலும் இருக்கிறார், நடுவில் இருந்த கோட்டை மட்டும் விட்டுவிட்டு.