தோத்தவங்களுக்கு எப்போ நல்ல இடம்?

உங்க காலேஜ் டீம் தொடர்ந்து 80 மேட்ச் தோத்தா எப்படி இருக்கும்? நிஜமாவே நடந்திருக்கு. டெக்சாஸில் உள்ள பிரெய்ரி வியூ ஏ அண்ட் எம் அமெரிக்கன் ஃபுட்பால் டீம் 1989-ல் தோற்க ஆரம்பிச்சு, 1998 செப்டம்பரில் லாங்ஸ்டனை 14-12 என்று ஜெயிச்சப்போதான் நிறுத்தியது. காரணம் சோம்பேறித்தனம் இல்ல. கல்லூரியில் பணமில்லை, வீரர்களுக்கு ஸ்காலர்ஷிப் இல்லை. அதனால நல்ல பிளேயர் வரல. வராததால மறுபடியும் தோல்வி. கன்ட்ரோல் சிஸ்டம்ஸ் பேப்பரில் வருமே, பாசிட்டிவ் ஃபீட்பேக், அதேதான்.

இந்தச் சுழலை உடைக்கிற ஒரு வழி நம்ம பழவேற்காடு ஏரியில் இருக்கு. பேர் 'பாடு'. கடலும் ஏரியும் சேரும் முகத்துவாரத்துப் பக்கம் இறால் நிறைய கிடைக்கும். அங்கே தினமும் ஒரே ஆள் வலை கட்டினா மத்தவங்க கதி? அதனால கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடூர் மாதாகுப்பம் மீனவர்கள் இடங்களை முறைவைத்து மாத்திக்கிறாங்க. இன்னைக்கு சுமாரான இடம் கிடைச்சவருக்கும் நல்ல இடத்துக்கு முறை வரும்.

பாட்டிலும் குறை உண்டு. அந்த உரிமை பரம்பரையா ஒரு சமூகத்து ஆண்களுக்குத்தான். ஏரியை நம்பியிருக்கும் மத்த மீனவர்கள் வெளியே நிக்கிறாங்க. முகத்துவாரம் மணலால் தூர்ந்துட்டா, எந்த முறை வந்தாலும் வலை காலிதான். முறை நஷ்டத்தைப் பங்கு போடும், ஏரியைத் திறக்காது.

அடுத்த தடவை நம்ம டீம் தோத்தா, "பசங்க சரியில்ல"ன்னு சொல்றதுக்கு முன்னாடி யோசிங்க: அவங்களுக்கு நல்ல இடம் என்னைக்காவது கிடைச்சதா?