ஹோலோஎன்ஸைம் என்னும் சொல்லும் நம் வீட்டு அரிசிப் பானையும்

கூட்டுறவு இலாகா இன்ஸ்பெக்டர் கிராமத்துக்குச் சென்றால், சங்கத்தின் கணக்கைப் பார்ப்பதோடு அவருடைய வேலை முடிந்துவிடுவதில்லை. அங்கத்தினர்கள் கொண்டுவரும் கடிதங்களையும் நோட்டீசுகளையும் படித்துச் சொல்லுவதும் அவருடைய கடமைகளில் ஒன்றாகவே இருந்து வருகிறது. பொன்னேரிப் பக்கத்துச் சங்கம் ஒன்றில் அங்கத்தினர் ஒருவர் என்னிடம் ஒரு ரத்தப் பரீட்சைச் சீட்டை நீட்டினார். பிரசவத்திற்காகத் தாய்வீடு வந்திருந்த அவர் மகளுக்குக் குழந்தை பிறந்து இரண்டு மாதம் ஆகியிருந்தது. கால்கள் மரத்து, மாடிப்படி ஏற மூச்சு வாங்குகிறது என்று ஆஸ்பத்திரிக்கு அழைத்துப்போக, அங்கு எடுத்த சீட்டு அது. “இதில் ‘ஹோலோஎன்ஸைம் குறைவு’ என்று எழுதியிருக்கிறதாமே, அது என்ன வியாதி, ஐயா?” என்று அவர் கேட்டார்.

மெட்ரிகுலேஷன் வரையில் படித்த எனக்கு அப்பொழுது பதில் சொல்லத் தெரியவில்லை. பிறகு டாக்டர்களைக் கேட்டும் நூல்களைப் பார்த்தும் அறிந்துகொண்டவற்றை, மற்றவர்களுக்கும் பயன்படும் என்று கருதி, இங்கே எழுதுகிறேன். அது வியாதியின் பெயர் அன்று என்பதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். ஆயினும் அச்சொல்லின் பொருளை அறிந்தவர் தம் வீட்டில் எந்த அரிசியைச் சமைப்பது என்பதையும் சற்று யோசிப்பார்.

சொல்லின் பொருள்

நாம் உண்ணும் உணவு உடலில் சக்தியாக மாறுவதற்குப் பல ரசாயன மாறுதல்கள் நிகழ வேண்டும். அவற்றைத் துரிதமாக நடத்தி வைக்கும் பொருள்களுக்கு என்ஸைம்கள் என்று பெயர். தமிழில் நொதிகள் என்பர். ஜெர்மன் தேசத்து அறிஞர் கியூனே என்பவர் 1876-77-ல் இப்பெயரை வழங்கினார். ‘புளித்த மாவில் உள்ளது’ என்பது அதன் கிரேக்க மூலத்தின் பொருள். இட்லி மாவு புளிப்பதைத் தினமும் காணும் நமக்கு இப்பெயர் அந்நியமாகத் தோன்ற வேண்டியதில்லை.

என்ஸைம்களிற் பல தாமாகவே வேலை செய்யக்கூடியவை. வேறு பல அப்படியல்ல. அவற்றுக்கு ஒரு துணைப்பொருள் வேண்டும். இதற்கு நம் ஏரையே உதாரணமாகக் கொள்ளலாம். மரத்தால் ஆன ஏர் முழுமையாக இருந்தாலும் அதில் இரும்புக் கொழு இல்லாவிடில் மண்ணைக் கிழிக்காது. கொழுவை மட்டும் கையில் பிடித்துக்கொண்டு எவரும் உழ முடியாது. கொழு மாட்டிய ஏரே உழும். கொழுவற்ற ஏரைப் போல் நிற்கும் புரதப் பகுதிக்கு அபோஎன்ஸைம் என்று பெயர். ‘அபோ’ என்றால் நீங்கியது என்று பொருள். கொழுவைப் போன்ற சிறிய துணைப்பொருளுக்குக் கோஎன்ஸைம், அதாவது துணைநொதி, என்று பெயர். இரண்டும் சேர்ந்து வேலைக்குத் தயாராக நிற்கும் முழு உருவமே ஹோலோஎன்ஸைம். ‘ஹோலோ’ என்றால் முழுமை. தமிழில் முழுநொதி எனலாம்.

இந்த உதாரணத்தில் இன்னும் ஒரு பொருத்தம் உண்டு. ஒரே கொழுவைப் பல ஏர்களில் மாட்டலாம். அதுபோல ஒரே துணைநொதி பல வேறு என்ஸைம்களுக்குத் துணை நிற்கும். ஆகையால் அது ஒன்று குறைந்தால் உடலில் பல வேலைகள் ஒருங்கே நின்றுபோகும்.

சொல்லை வழங்கும் முறையிற் சில பேதங்களையும் அறிய வேண்டும். துணைப்பொருள் எதுவாயினும் பொதுவாக அதைக் கோஃபாக்டர் என்பர். மக்னீசியம், துத்தநாகம் முதலிய உலோகங்களும் இதில் அடங்கும். துணைப்பொருள் புரதத்துடன் பிரியாமல் இறுகப் பிணைந்திருந்தால் பிராஸ்தெடிக் தொகுதி என்பர். மேலும், பாக்டீரியாக்களில் ஆர்.என்.ஏ. பாலிமரேஸ் என்னும் என்ஸைமின் மையப் பகுதியோடு ‘சிக்மா’ என்னும் மற்றொரு புரதம் சேர்ந்த உருவத்தையும் ஹோலோஎன்ஸைம் என்றே வழங்குகிறார்கள். அங்கே துணையாக வருவது வைட்டமினும் அன்று, உலோகமும் அன்று, இன்னொரு புரதமே. எனவே, வேலைக்கு வேண்டிய உறுப்புகள் அனைத்தும் கூடிய முழு உருவம் என்பதே அச்சொல்லின் பொதுவான கருத்து என்று கொள்ளல் வேண்டும்.

இவ்வுண்மை தெரிய வந்த வரலாறு

1897-ம் வருஷத்தில் இரண்டு காரியங்கள் நடந்தன. ஜெர்மனியில் பூக்னர் என்பவர், ஈஸ்டு என்னும் காடிப் பூஞ்சையை அரைத்துப் பிழிந்த உயிரற்ற சாறும் சர்க்கரையைப் புளிக்கச் செய்வதைக் கண்டார். ஜாவாத் தீவில் ஆராய்ச்சி செய்திருந்த ஐக்மன் என்ற டச்சு டாக்டர், தீட்டிய அரிசியை மட்டும் தின்ற கோழிகள் கால் விளங்காமல் விழுவதையும், தவிடு கொடுத்தால் எழுந்துவிடுவதையும் வெளியிட்டார். இவ்விரண்டிற்கும் சம்பந்தம் உண்டென்று அன்று எவரும் நினைக்கவில்லை.

1906-ல் இங்கிலாந்தில் ஹார்டன், யங் என்னும் இருவர் பூக்னரின் சாற்றை நுண்ணிய வடிகட்டியில் வடித்தார்கள். மேலே தங்கியது தனியே வேலை செய்யவில்லை. கீழே இறங்கிய நீரும் தனியே வேலை செய்யவில்லை. இரண்டையும் கலந்தவுடன் புளிப்பு தொடங்கியது. கீழே இறங்கிய நீரைக் கொதிக்க வைத்தபோதிலும் அதன் சக்தி கெடவில்லை. கோஎன்ஸைம் என ஒன்று உண்டு என்பது இவ்வாறு வெளிப்பட்டது. 1926-ல் ஜான்ஸன், டோனாத் என்பவர்கள் ஜாவாவில் அரிசித் தவிட்டிலிருந்து ஐக்மன் கோழிகளைக் காப்பாற்றிய சத்தைப் பிரித்தெடுத்தார்கள். அதுவே இன்று தயாமின் அல்லது பி1 வைட்டமின் எனப்படுவது. 1937-ல் லோமன், ஷூஸ்டர் என்பவர்கள், ஈஸ்டில் உள்ள துணைநொதி ஒன்று பாஸ்பேட்டுடன் சேர்ந்த தயாமினே என்று நிரூபித்தார்கள். அதாவது, தவிட்டோடு நாம் அகற்றி எறிவது நம் உடலின் பல ஏர்களுக்கு வேண்டிய கொழுவையே என்பது அப்பொழுதுதான் தெளிவாயிற்று. ஹார்டனுக்கும் ஐக்மனுக்கும் ஒரே வருஷத்தில், 1929-ல், நோபெல் பரிசுகள் வழங்கப்பட்டன. முன்னவருக்கு ரசாயனத்திலும் பின்னவருக்கு வைத்தியத்திலும் அவை கிடைத்தன.

நம் மாகாணத்தின் அனுபவம்

பழைய சென்னை மாகாணத்தின் வடபகுதியாகிய கடலோரத் தெலுங்கு ஜில்லாக்களில் பெரிபெரி என்னும் வியாதி பெருவாரியாக இருந்தது. கால் மரத்தல், வீக்கம், மூச்சுத் திணறல், கடைசியில் இருதயம் ஓய்தல் ஆகியவை அதன் குணங்கள். தமிழ் ஜில்லாக்களில் அது அரிதாகவே காணப்பட்டது. இரு பகுதியினருக்கும் அரிசியே உணவு. ஆனால் அங்கே யந்திரத்தில் தீட்டிய பச்சரிசி, இங்கே பெரும்பாலும் புழுங்கலரிசி. குன்னூரில் ஆராய்ச்சி நடத்திய மக்காரிஸன் 1924-ல் நாரிஸுடன் சேர்ந்து அரிசிக்கும் இவ்வியாதிக்கும் உள்ள சம்பந்தத்தைப் பற்றி எழுதினார். அவருக்குப் பின் அங்கே தலைவராக இருந்த அய்க்ராய்டும் அவருடைய சகாக்களும் 1940-ல் இந்திய அரிசிப் பிரச்னையை விரிவாக ஆராய்ந்து வெளியிட்டார்கள். அந்த ஆராய்ச்சி நிலையமே 1958-ல் ஹைதராபாத்துக்கு மாற்றப்பட்டு, இப்பொழுது தேசிய ஊட்டச்சத்து நிறுவனமாக விளங்குகிறது.

புழுக்குவதால் நேருவது யாதெனில், நெல் ஊறும்பொழுதும் வேகும்பொழுதும், நீரில் கரையக்கூடிய தயாமின் தவிட்டுப் பகுதியிலிருந்து அரிசியின் உட்புறத்திற்கு இறங்கிவிடுகிறது. பின்பு தவிட்டைத் தீட்டி எடுத்தாலும் அதிற் பெரும்பாகம் அரிசியிலேயே தங்குகிறது. மேற்படி நிறுவனம் வெளியிட்ட பழைய உணவு அட்டவணையின்படி 100 கிராம் அரிசியில் உள்ள தயாமின் அளவு வருமாறு: யந்திரத்தில் தீட்டிய பச்சரிசியில் 0.06 மில்லிகிராம், கைக்குத்தல் பச்சரிசியில் 0.21, யந்திரத்தில் தீட்டிய புழுங்கலரிசியில் 0.21, கைக்குத்தல் புழுங்கலரிசியில் 0.27.

இதைக் கணக்கிட்டுப் பார்ப்போம். வளர்ந்த மனிதர் ஒருவருக்கு நாளொன்றுக்குச் சுமார் 1.2 மில்லிகிராம் வேண்டும். பாலூட்டும் தாய்க்கு அதைவிடச் சற்று அதிகம் தேவை. நாளைக்கு 400 கிராம் அரிசி உண்பவருக்குத் தீட்டிய பச்சரிசியால் கிடைப்பது 0.24, புழுங்கலரிசியால் கிடைப்பது 0.84. கழுவும்பொழுதும் கஞ்சி வடிக்கும்பொழுதும் இதிலும் ஒரு பங்கு போய்விடும். உடலில் சேமிப்பாக இருக்கும் தயாமின் இரண்டு மூன்று வாரங்களுக்கு மேல் தாங்காது. சேமிப்புக் கணக்கில் பணம் போடாமல் எடுத்துக்கொண்டே இருந்தால் என்ன ஆகும் என்பதைச் சங்க அங்கத்தினர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

சீட்டில் இருந்தது என்ன

இனி அந்தப் பரீட்சைக்கு வருவோம். ரத்தத்தின் சிவப்பு அணுக்களில் டிரான்ஸ்கீடோலேஸ் என்னும் என்ஸைம் இருக்கிறது. அதன் கொழு தயாமின் துணைநொதியே. முதலில் அந்த என்ஸைம் உள்ளபடியே எவ்வளவு வேலை செய்கிறது என்று அளக்கிறார்கள். பிறகு வெளியிலிருந்து துணைநொதியைச் சேர்த்து மறுபடியும் அளக்கிறார்கள். வேலை அதிகப்படாவிட்டால், எல்லா ஏர்களுக்கும் முன்பே கொழு மாட்டியிருந்தது என்று அர்த்தம். 100-க்கு 25-க்கு மேல் கூடினால், பல ஏர்கள் கொழுவின்றிச் சும்மா கிடந்தன, அதாவது அபோஎன்ஸைம் மிகுந்து ஹோலோஎன்ஸைம் குறைந்திருந்தது, என்று அர்த்தம். அப்பெண்ணின் சீட்டு சொன்னதும் இதுவே.

விசாரித்ததில் காரணமும் தெரிந்தது. பிரசவமானது முதல் பத்தியம் என்று சொல்லி, தீட்டிய பச்சரிசிச் சாதமும் மிளகு ரசமுமே கொடுத்து வந்திருக்கிறார்கள். பருப்பு, பயறு, மீன் யாவும் விலக்கு. தாயின் உடலில் தயாமின் குறைந்தால் பாலிலும் குறையும். கைக்குழந்தைக்குத் திடீரென மூச்சுத் திணறி உயிருக்கே அபாயம் நேரலாம். காஷ்மீரத்திலும் கர்நாடகத்திலும் அண்மைக் காலத்தில் டாக்டர்கள் இத்தகைய குழந்தைகளைக் கண்டு, தயாமின் ஊசியால் காப்பாற்றியதை எழுதியிருக்கிறார்கள். அங்கும் தீட்டிய அரிசியும் தாய்மாரின் பத்தியமுமே முக்கிய காரணங்களாகக் காணப்பட்டன. நம் அங்கத்தினரின் மகளும் குழந்தையும் டாக்டர் கொடுத்த மருந்தாலும் உணவு மாற்றத்தாலும் தேறினார்கள்.

செய்யத்தக்கவை

திருவள்ளூர் ஜில்லா இவ்விஷயத்தில் எல்லைப்புறமாகும். ஆரம்பாக்கத்தைத் தாண்டினால் ஆந்திரம். கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் பல மாநிலத்தவர் கலந்து வாழ்கிறார்கள். செங்குன்றத்து ஆலைகளிலும் மண்டிகளிலும் இருவகை அரிசியும் கிடைக்கும். நியாயவிலைக் கடைகளிலும் பச்சரிசி, புழுங்கலரிசி இரண்டும் வழங்கப்படுகின்றன. வெண்மையான அரிசியே உயர்ந்தது என்ற எண்ணத்தை மட்டும் நாம் விட்டுவிட வேண்டும்.

ஆகையால் தினசரிச் சாதத்திற்குப் புழுங்கலரிசியைக் கொள்க. பச்சரிசி உண்பவர்கள் அதிகம் தீட்டாத அரிசியைத் தேடி வாங்குக. அரிசியைப் பலமுறை தேய்த்துக் கழுவாதீர். வடித்த கஞ்சியைக் கொட்டாமல் பயன்படுத்துக. பருப்பு, பயறு, நிலக்கடலை ஆகியவற்றில் ஏதேனும் ஒன்று தினமும் இலையில் இருக்கட்டும்; பிள்ளை பெற்றவளுக்கு அவற்றை விலக்காதீர். மதுவும் தயாமின் உடலிற் சேர்வதைத் தடுக்கும். குடிப்பவர்களுக்கு இக்குறை அதிகம் நேருகிறது. செறிவூட்டிய ரேஷன் அரிசியில் கட்டாயமாகச் சேர்ப்பவை இரும்புச் சத்து, ஃபோலிக் அமிலம், பி12 ஆகிய மூன்றே. தயாமின் அந்தக் கட்டாயப் பட்டியலில் இல்லை. அதை நம்பி மேற்சொன்ன எச்சரிக்கைகளைக் கைவிடலாகாது. கால் மரத்தலும் மூச்சு வாங்கலும் கண்டால் கைமருந்தோடு நில்லாமல் உடனே டாக்டரிடம் காட்டுக.

கொழுவின்றி வயலுக்கு ஏர் கொண்டுபோகும் உழவன் நம் கிராமங்களில் இல்லை. நம் உடலுக்குள் இருக்கும் ஏர்களுக்கும் அந்தக் கவனத்தைச் செலுத்துவோமாக.